வீட்டாஷெல்: ஹேக் செய்த பிஎஸ் வீட்டாவில் ஃபைல்களைக் கையாளப் பழகுவோம்

சோனியின் கையடக்க கேம் கன்சோலான பிஎஸ் வீட்டாவை ஹேக் செய்து முடித்து, ஃபைல்களைக் கையாளும் செயலியான வீட்டாஷெல்லை முதல் தடவை திறந்ததும், இருண்ட திரையில் ஒரு பட்டியல் வரும். ஓஎஸ்0, பிடி0, எஸ்ஏ0, டிஎம்0, யூஆர்0, யூஎக்ஸ்0, விஎஸ்0 என்று பெயர்கள் மட்டும் இருக்கும். எது என்ன என்று எங்கேயும் எழுதியிருக்காது. புதிதாக வருகிற பலர் இந்த இடத்தில்தான் தடுமாறுகிறார்கள். சிலர் பயந்து மூடிவிடுகிறார்கள். இன்னும் சிலர் ஒவ்வொன்றாகத் திறந்து, தேவையில்லாதது போலத் தெரிவதை அழித்துவிடுகிறார்கள். இரண்டாவது வகைக்காரர்களை நினைத்துத்தான் இதை எழுதுகிறேன்.

வீட்டாஷெல்லில் ரீசைக்கிள் பின் கிடையாது. அழித்தது அழித்ததுதான். ஆனால் எந்த ஃபைல் எங்கே இருக்கிறது என்று தெரிந்துவிட்டால், வீட்டாவில் நீங்கள் அதிகமாகப் பயன்படுத்தப் போகிற செயலி இதுதான்.

கொஞ்சம் பின்னணி சொல்லிவிடுகிறேன். வீட்டா 2011 டிசம்பரில் ஜப்பானில் வெளிவந்தது. அதில் எந்த ஃபைலையும் நேரடியாகப் பார்க்க சோனி வழி வைக்கவில்லை. கணினியில் ஒரு மென்பொருளைப் போட்டு, அதன் வழியாகத்தான் படமோ பாட்டோ சேவோ (கேமில் எதுவரை ஆடினோம் என்ற பதிவு) உள்ளே போகும், வெளியே வரும். 2016 ஜூலையில் மாலிகியூல் என்ற ஹேக்கர் குழு 3.60 ஃபர்ம்வேருக்கான (கன்சோலின் சிஸ்டம் மென்பொருள்) ஹென்காகு என்ற ஹேக்கை வெளியிட்டதும் அந்தப் பூட்டு திறந்தது. தி ஃப்ளோ என்ற பெயரில் எல்லோரும் அறிந்த ஆண்டி நுயென் எழுதிய ஃபைல் மேனேஜர்தான் வீட்டாஷெல். இலவசம், மூல நிரலும் திறந்தே கிடைக்கிறது. பின்னால் 3.65, 3.68 ஃபர்ம்வேர்களுக்கு வந்த எச்-என்கோர் ஹேக்கும் அவருடையதுதான்.

இங்கே ஆர்வலர்கள் தாங்களே எழுதி வெளியிடும் ஹோம்ப்ரூ செயலிகளையும், நீங்கள் காசு கொடுத்து வாங்கிய கேம்களின் சேவ்களையும் பற்றி மட்டுமே பேசுகிறேன். திருட்டு கேம்களுக்கு இதில் வழி தேட வேண்டாம்.

தொடங்கும் முன்

செட்டிங்ஸில் சிஸ்டம் பகுதிக்குப் போய் உங்கள் ஃபர்ம்வேர் எண்ணைப் பார்த்துக்கொள்ளுங்கள். 3.60 அல்லது 3.65 என்றால், ஹேக்கை நிரந்தரமாக்கும் என்ஸோ போட முடியும். அது இருந்தால் வீட்டாவை முழுக்க அணைத்துப் போட்டாலும் ஹேக் தானாகவே வந்துவிடும். என்ஸோ இல்லாதவர்கள் ஒவ்வொரு தடவை முழுக்க அணைத்த பிறகும் ஹேக்கை மறுபடி ஓட்ட வேண்டும். வெறுமனே ஸ்லீப்பில் போட்டு எடுத்தால் பிரச்சினை இல்லை. இது தெரியாமல் "நேற்று வரைக்கும் திறந்தது, இன்று திறக்கவில்லை" என்று பதறுபவர்கள் நிறைய.

எச்-என்கோர் போட்டவர்களுக்கு அதன் தொடக்க மெனுவிலேயே 'டவுன்லோட் வீட்டாஷெல்' என்ற வரி இருக்கும். அதை அழுத்தினால் ஹோம் திரையில் வட்டமாக ஒரு ஐகான் வந்து உட்காரும். வீட்டாக்காரர்கள் அதைப் பபிள் என்பார்கள்.

அப்புறம், செட்டிங்ஸில் ஹென்காகு செட்டிங்ஸ் என்று புதிதாக ஒரு பகுதி வந்திருக்கும். அதற்குள் 'எனேபிள் அன்சேஃப் ஹோம்ப்ரூ' என்பதை டிக் செய்யுங்கள். பெயரைப் பார்த்து மிரள வேண்டாம். சிஸ்டம் பகுதிகளைத் தொட ஒரு செயலிக்கு அனுமதி கொடுக்கும் சுவிட்ச் அது. அது இல்லாமல் வீட்டாஷெல் தன் வேலையைச் செய்ய முடியாது.

கடைசியாக பேட்டரி. பாதிக்குக் கீழே இருந்தால் எதையும் நகர்த்தத் தொடங்காதீர்கள், சார்ஜரில் போட்டுவிட்டு உட்காருங்கள்.

அந்தப் பட்டியலைப் படிப்பது எப்படி

அதில் உங்களுக்கு வேண்டியது இரண்டே இரண்டு. முதலாவது யூஎக்ஸ்0. உங்கள் மெமரி கார்டு அதுதான். கேம், ஹோம்ப்ரூ, சேவ், படம், பாட்டு எல்லாம் இதற்குள் இருக்கும். இரண்டாவது யூஆர்0. இது கன்சோலுக்குள்ளேயே இருக்கும் சிறிய சேமிப்பிடம். ப்ளகின்களும் (சிஸ்டத்துக்கோ கேமுக்கோ புது வசதி சேர்க்கும் சிறு நிரல்கள்) அவற்றின் அமைப்பு ஃபைலும் இதில் வைப்பது வழக்கம். ஹோம் திரையில் எந்தப் பபிள் எங்கே இருக்கிறது என்ற கணக்கும் இதில்தான், ஷெல் என்ற ஃபோல்டருக்குள்.

ஓஎஸ்0, விஎஸ்0, எஸ்ஏ0, டிஎம்0 போன்றவை சிஸ்டத்தின் சொந்த இடங்கள். உள்ளே போய்ப் பார்க்கலாம், தப்பில்லை. எதையும் மாற்றாமல் வெளியே வந்துவிடுங்கள். ஒரு வழிகாட்டி வரிக்கு வரி சொல்லித்தராத வரைக்கும் அங்கே கை வைக்கக் காரணமே இல்லை. ஜிஆர்ஓ0 என்பது செருகியிருக்கும் கேம் கார்டு. யூஎம்ஏ0 என்ற பெயர் வந்தால் அது இன்னொரு சேமிப்பு. பிஎஸ் டிவியில் (டிவியோடு இணைத்து ஆடும் வீட்டா வகை) செருகிய யூஎஸ்பி பென் டிரைவை மௌன்ட் செய்தால் அந்தப் பெயரில்தான் வரும்.

ஒரு விஷயம் இங்கே மனதில் பதிய வேண்டும். யூஎக்ஸ்0 என்பது ஓர் இடத்தின் பெயர்தான், அந்த இடத்தில் எந்தக் கார்டு இருக்கிறது என்பது மாறலாம். சோனி கார்டுக்குப் பதில் மைக்ரோ எஸ்டி போட உதவும் எஸ்டி2வீட்டா அடாப்டர் போட்டு அந்தக் கார்டை யூஎக்ஸ்0 ஆக்கினால், நேற்று வரை யூஎக்ஸ்0 ஆக இருந்த சோனி கார்டு வேறு பெயருக்குப் போய்விடும். இதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன்.

யூஎக்ஸ்0 உள்ளே அடிக்கடி போகும் ஃபோல்டர்கள் சில. 'ஆப்' என்பதில் நிறுவிய கேம்களும் ஹோம்ப்ரூக்களும் இருக்கும். ஒவ்வொன்றுக்கும் ஒன்பது எழுத்துள்ள ஓர் அடையாளப் பெயர். பிசிஎஸ்இ என்று தொடங்கி ஐந்து இலக்கம் வந்தால் அமெரிக்கப் பதிப்பு, பிசிஎஸ்பி என்றால் ஐரோப்பா, பிசிஎஸ்ஜி என்றால் ஜப்பான். 'பேட்ச்' என்பது அப்டேட்கள், 'ஆட்கான்ட்' என்பது கூடுதல் உள்ளடக்கம். 'டேட்டா' என்பது ஹோம்ப்ரூக்கள் தங்கள் ஃபைல்களை வைக்கும் இடம், நீங்களும் தாராளமாகப் பயன்படுத்தலாம். 'பிஎஸ்பிஎமு' என்பதில், வீட்டாவுக்கு முந்தைய சோனி கன்சோலான பிஎஸ்பியின் பழைய கேம்கள். 'யூசர்' ஃபோல்டருக்குள் '00', அதற்குள் 'சேவ்டேட்டா': உங்கள் சேவ்கள் எல்லாம் அங்கே.

பட்டன்கள், ஒரு சின்னப் பயிற்சி

எக்ஸ் பட்டன் திறக்கும், வட்டம் பின்னே கொண்டுவரும். ஜப்பானில் விற்ற கன்சோல் என்றால் இவை இரண்டும் இடம் மாறியிருக்கும். செகண்ட் ஹேண்டில் வாங்கியவர்கள் இதை முதலில் பார்த்துக்கொள்ள வேண்டும். 'அழிக்கட்டுமா?' என்று கேட்கும் நேரத்தில் பழக்கதோஷத்தில் தப்பான பட்டனை அழுத்திவிடக் கூடாது. சதுரம் ஒரு ஃபைலைத் தேர்ந்தெடுத்துக் குறி வைக்கும், ஒன்றுக்கு மேலும் குறிக்கலாம். முக்கோணம் மெனுவைத் திறக்கும்: காப்பி, மூவ், பேஸ்ட், டிலீட், ரீநேம், நியூ ஃபோல்டர் எல்லாம் அங்கே. ஸ்டார்ட் செட்டிங்ஸ். செலக்ட் கணினியோடு இணைக்கும்.

சரி, ஒரு ஐந்து நிமிடப் பயிற்சி செய்து பார்ப்போம். வீட்டாவில் பிஎஸ் பட்டனையும் ஸ்டார்ட்டையும் சேர்த்து அழுத்தி ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். வீட்டாஷெல்லில் யூஎக்ஸ்0, அதற்குள் 'பிக்சர்' ஃபோல்டருக்குப் போய் அந்தப் படத்தைத் தேடுங்கள். எக்ஸ் அழுத்தினால் அங்கேயே படமாகத் திறக்கும். பின்னே வந்து, சதுரம் அழுத்திக் குறியுங்கள். முக்கோணம், காப்பி. வட்டத்தை அழுத்தி யூஎக்ஸ்0 வரைக்கும் வெளியே வந்து, 'டேட்டா'வுக்குள் போங்கள். முக்கோணம், நியூ ஃபோல்டர், 'பயிற்சி' என்பதை ஆங்கில எழுத்தில் ஒரு பெயராகக் கொடுங்கள். அதற்குள் நுழைந்து முக்கோணம், பேஸ்ட். படம் வந்து சேர்ந்ததும் திறந்து பாருங்கள். கடைசியில் இந்த நகலை மட்டும் டிலீட் செய்யுங்கள். மூலப்படம் பழைய இடத்தில் அப்படியே இருக்கும். இதை மூன்று தடவை செய்தால் கை பழகிவிடும். முக்கியமான எதையும் தொடுவதற்கு முன் இந்தப் பழக்கம் வேண்டும்.

கணினியோடு இணைக்க இரண்டு வழி

ஸ்டார்ட் அழுத்தி செட்டிங்ஸில் பார்த்தால், செலக்ட் பட்டன் யூஎஸ்பியா (கேபிள் வழி) எஃப்டிபியா (வைஃபை வழி) என்று தேர்ந்தெடுக்கலாம்.

யூஎஸ்பி வேகமானது, பெரிய ஃபைல்களுக்கு அதுதான் சரி. கேபிளைச் செருகி செலக்ட் அழுத்தினால் மெமரி கார்டு கணினியில் ஒரு பென் டிரைவ் போலத் தெரியும். 2000 மாடலுக்கு சாதாரண மைக்ரோ யூஎஸ்பி கேபிள் போதும். 1000 மாடலுக்கு அதற்கே உரிய கேபிள் வேண்டும். விண்டோஸில் மறைந்திருக்கும் ஃபைல்களைக் காட்டும்படி வைத்தால்தான் எல்லா ஃபோல்டர்களும் தெரியும். 'இந்த டிரைவை ஃபார்மேட் செய்யவா?' என்று கணினி கேட்டால் ஒருபோதும் சரி என்று சொல்லாதீர்கள். வேலை முடிந்ததும் கணினியில் முறைப்படி இஜெக்ட் செய்துவிட்டு, அப்புறம் வீட்டாவில் இணைப்பை மூடுங்கள், அதன் பிறகுதான் கேபிளைப் பிடுங்க வேண்டும். இந்த வரிசை மாறினால் கார்டில் பாதி எழுதிய ஃபைல்கள் தங்கிவிடும்.

எஃப்டிபி மெதுவானது. ஆனால் கேபிள் வேண்டாம், யூஆர்0 உட்பட எல்லாப் பகுதிகளும் தெரியும். வீட்டாவும் கணினியும் ஒரே வைஃபையில் இருக்க வேண்டும். வீட்டாவுக்கு 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபை மட்டும்தான் தெரியும், ரவுட்டரில் 5 கிகாஹெர்ட்ஸ் மட்டும் வைத்திருந்தால் வீட்டா அதைக் கண்டுபிடிக்காது. செலக்ட் அழுத்தியதும் திரையில் ஓர் ஐபி முகவரியும் 1337 என்ற போர்ட் எண்ணும் வரும். ஃபைல்ஸில்லா, வின்எஸ்சிபி போன்ற ஒரு மென்பொருளில் இரண்டையும் அப்படியே போடுங்கள். யூசர் பெயரும் பாஸ்வேர்டும் தேவையில்லை. பாஸ்வேர்டு இல்லை என்பதால், அதே வைஃபையில் இருக்கும் யாரும் உள்ளே வரலாம். ஆகவே விடுதியிலோ ரயில் நிலையத்திலோ இதை ஓட்டாதீர்கள், வீட்டு வைஃபையோடு நிறுத்திக்கொள்ளுங்கள். ஒரே நேரத்தில் ஒரு ஃபைல் மட்டும் போகும்படி அந்த மென்பொருளில் அமைத்துவிட்டால் பரிமாற்றம் நடுவில் அறுந்துபோவது வெகுவாகக் குறையும்.

பிஎஸ் டிவி வைத்திருப்பவர்கள் அதைக் கேபிள் போட்டுக் கணினியில் டிரைவாகக் காட்ட முடியாது. அவர்களுக்கு எஃப்டிபிதான்.

ஹோம்ப்ரூ நிறுவுவது

வீட்டா ஹோம்ப்ரூக்கள் விபிகே என்ற வகை ஃபைலாக வரும். அது உண்மையில் ஒரு ஜிப்தான். வீட்டாடிபி போன்ற, எல்லோருக்கும் தெரிந்த தொகுப்பிலிருந்து எடுங்கள். ஃபைலை யூஎக்ஸ்0 உள்ளே 'டேட்டா'வில் போட்டுவிட்டு, வீட்டாஷெல்லில் அதன் மேல் நின்று எக்ஸ் அழுத்தினால் நிறுவட்டுமா என்று கேட்கும். சில சமயம் இன்னொரு எச்சரிக்கையும் வரும்: இந்தச் செயலி கூடுதல் அனுமதி கேட்கிறது, நம்பகமான இடத்திலிருந்து எடுத்ததுதானா என்று. பல நல்ல ஹோம்ப்ரூக்களுக்கும் இந்த எச்சரிக்கை வரும், வீட்டாஷெல்லே அந்த அனுமதி உள்ளதுதான். ஆனால் ஒரு சாதாரணப் புதிர் விளையாட்டு அதைக் கேட்டால் நான் நிறுவ மாட்டேன்.

இட அளவையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். நிறுவும்போது விபிகேவும் இருக்கும், பிரித்த ஃபைல்களும் இருக்கும். 300 எம்பி விபிகேவுக்குக் கார்டில் அதைவிட இன்னொரு மடங்கு காலியிடம் வேண்டும். நிறுவி முடித்து ஒரு தடவை திறந்து பார்த்துவிட்டு விபிகேவை அழித்துவிடலாம்.

சேவ்களைக் காப்பாற்றுவது

வீட்டாஷெல்லைக் கற்றுக்கொள்ள எனக்கு இருந்த உண்மையான காரணம் இதுதான். அக்கா பையன் ஒரு ரோல் பிளேயிங் கேமில் 60 மணி நேரத்துக்கு மேல் ஆடி வைத்திருந்த சேவ் ஃபோல்டரை எஃப்டிபியில் கணினிக்கு இறக்கினேன். பரிமாற்றம் முடிந்தது போல இருந்ததும் கன்சோலில் இருந்ததை அழித்துவிட்டேன். வைஃபை நடுவில் ஒரு கணம் விட்டுப்போயிருக்கிறது. இரண்டு ஃபைல்கள் வந்து சேரவே இல்லை என்பது தோல்வியடைந்தவற்றின் பட்டியலில் இருந்தது, நான் அதைப் பார்க்கவில்லை. அந்தச் சேவ் திரும்பவே இல்லை. அவனிடம் அதைச் சொன்ன சாயங்காலம் இன்னும் மறக்கவில்லை. அன்றிலிருந்து கன்சோலில் எத்தனை ஃபைல், கணினியில் எத்தனை ஃபைல் என்று எண்ணிப் பார்க்காமல் எதையும் அழிப்பதில்லை.

வீட்டா சேவ்கள் பூட்டிய நிலையில் இருக்கும். யூஎக்ஸ்0, 'யூசர்', '00', 'சேவ்டேட்டா' வரைக்கும் போய், கேமின் அடையாளப் பெயர் கொண்ட ஃபோல்டர் மேல் நின்று முக்கோணம் அழுத்தினால் 'ஓபன் டிக்ரிப்டட்' என்று ஒரு வரி கிடைக்கும். அதன் வழியாக உள்ளே போனால் பூட்டு அவிழ்ந்த ஃபைல்கள் தெரியும். அவற்றைக் குறித்து காப்பி செய்து, 'டேட்டா'வுக்குள் 'சேவ்_பேக்கப்' மாதிரி ஒரு ஃபோல்டரில் கேம் பெயரும் தேதியும் போட்டு வையுங்கள். அப்புறம் அதைக் கணினிக்கும் எடுத்துவிடுங்கள். கார்டு போனால் கார்டிலேயே இருக்கும் பேக்கப்பும் சேர்ந்து போய்விடும்.

திருப்பிப் போடும்போது முதலில் கேமைத் திறந்து, புதிதாக ஒரு சேவ் உண்டாக்குங்கள். பிறகு கேமை முழுக்க மூடிவிட்டு, அதே ஃபோல்டரை 'ஓபன் டிக்ரிப்டட்' வழியாகத் திறந்து, பேக்கப் ஃபைல்களைப் பழையவற்றின் மேல் பேஸ்ட் செய்யுங்கள். 'எஸ்சிஇ' என்று தொடங்கும் உள் ஃபோல்டர்களை மட்டும் தொடாதீர்கள், அவை அந்தக் கன்சோலுக்கும் கணக்குக்கும் உரியவை. பிஎஸ்பி கேம்களின் சேவ்கள் இன்னும் எளிது: 'பிஎஸ்பிஎமு', 'பிஎஸ்பி', 'சேவ்டேட்டா' என்று போய் ஃபோல்டரை அப்படியே நகலெடுத்தால் போதும்.

நிறைய கேம் இருந்தால் அப்பல்லோ சேவ் டூல் மாதிரியான தனிச் செயலி கைக்கு வசதி. ஆனாலும் ஒரு தடவையாவது கையால் செய்து பாருங்கள். அந்தச் செயலி உள்ளே என்ன செய்கிறது என்று அப்போதுதான் புரியும்.

ப்ளகின் பட்டியலைத் திருத்துவது

ப்ளகின்களின் பட்டியல் ஒரு சாதாரண டெக்ஸ்ட் ஃபைல். பெயர் கான்ஃபிக். யூஆர்0 உள்ளே டி-ஏ-ஐ என்ற மூன்றெழுத்து ஃபோல்டரில் இருக்கும். எக்ஸ் அழுத்தினால் வீட்டாஷெல்லின் எடிட்டரிலேயே திறக்கும். ஒரு வரி மேல் நின்று எக்ஸ் அழுத்தினால் கீபோர்டு வரும்.

அதில் நட்சத்திரக் குறியோடு தொடங்கும் தலைப்புகள் உண்டு. எஸ்கேபிஆர்எக்ஸ் என்று முடியும் ப்ளகின் 'கெர்னல்' தலைப்பின் கீழே வர வேண்டும். எஸ்யூபிஆர்எக்ஸ் என்று முடிவது 'மெயின்' அல்லது 'ஆல்' தலைப்பின் கீழே, அல்லது ஒரு குறிப்பிட்ட கேமின் அடையாளப் பெயரின் கீழே. திருத்துவதற்கு முன் இந்த ஃபைலுக்கு ஒரு நகல் எடுத்து வேறு பெயரில் வைத்துவிடுங்கள். ஒரே நாளில் ஐந்து ப்ளகின் சேர்க்காதீர்கள். ஒன்று சேருங்கள், ரீஸ்டார்ட் செய்து பாருங்கள், அடுத்ததற்குப் போங்கள்.

இங்கே ஒரு பொறி இருக்கிறது. யூஎக்ஸ்0 உள்ளேயும் அதே டி-ஏ-ஐ ஃபோல்டரும் கான்ஃபிக் ஃபைலும் இருந்தால், வீட்டா முதலில் அதைத்தான் படிக்கும். யூஆர்0 இல் இருப்பதைத் திரும்பிக்கூடப் பார்க்காது. நான் ஒரு முழு மாலை யூஆர்0 ஃபைலில் வரிகளை மாற்றி மாற்றிப் போட்டு, ரீஸ்டார்ட் செய்து செய்து அலுத்துப்போனேன். எதுவும் மாறவில்லை. கடைசியில் யூஎக்ஸ்0 பக்கம் போனால், எப்போதோ போட்ட பழைய நகல் அங்கே உட்கார்ந்திருந்தது. அதன் ஃபோல்டர் பெயரை மட்டும் மாற்றினேன், எல்லாம் வேலை செய்தது. யூஆர்0 இல் ஒன்று மட்டும் வைத்துக்கொள்வதே நல்லது. கார்டை மாற்றினாலும் ப்ளகின்கள் கன்சோலிலேயே இருக்கும்.

ஏதாவது தப்பாகிவிட்டால்

தப்பான ப்ளகினால் வீட்டா லோகோவிலேயே நின்றுவிட்டால், பவர் பட்டனை நீளமாக அழுத்தி அணையுங்கள். என்ஸோ இருந்தால், எல் பட்டனைப் பிடித்துக்கொண்டே ஆன் செய்தால் ப்ளகின்கள் ஏறாமல் திறக்கும். உள்ளே போய்க் கடைசியாகச் சேர்த்த வரியை எடுத்துவிடலாம்.

கேம் ஃபோல்டர் கார்டில் இருக்கிறது, பபிள் மட்டும் காணோம் என்றால், வீட்டாஷெல்லின் முதல் திரையில் முக்கோணம் அழுத்தி 'ரிஃப்ரெஷ் லைவ்ஏரியா' கொடுங்கள். பெரும்பாலும் இதிலேயே திரும்பி வந்துவிடும். அதற்கும் வராவிட்டால் சேஃப் மோட். கன்சோலை அணைத்துவிட்டு, ஆர் பட்டன், பிஎஸ் பட்டன், பவர் மூன்றையும் சேர்த்துப் பிடித்தால் அது திறக்கும். அங்கே 'ரீபில்ட் டேட்டாபேஸ்' மட்டும் தேர்ந்தெடுங்கள். ஹோம் திரையில் நீங்கள் அடுக்கி வைத்த வரிசை கலைந்துபோகும், கேமும் சேவும் போகாது. அதே பட்டியலில் கார்டை ஃபார்மேட் செய்வதும், சிஸ்டத்தையே அழித்துப் புதிதாக்குவதும் இருக்கின்றன. அவசரப்படாமல் ஒவ்வொரு வரியையும் படித்த பிறகே அழுத்துங்கள்.

எஸ்டி2வீட்டாவுக்கு மாறும்போது

சோனியின் மெமரி கார்டு சின்னது, விலையும் அதிகம். அதனால் பலர் கேம் கார்டு துளையில் செருகும் அடாப்டர் வாங்கி மைக்ரோ எஸ்டி போடுகிறார்கள். யாம்ட் அல்லது ஸ்டோரேஜ் மேனேஜர் ப்ளகின் அதை யூஎக்ஸ்0 ஆக மாற்றும். மாற்றியதும் எல்லாப் பபிள்களும் காணாமல் போய்விட்டன என்று கலங்குகிறவர்கள் ஏராளம். எதுவும் போகவில்லை. பழைய கார்டில் இருப்பது புதுக் கார்டுக்கு இன்னும் வரவில்லை, அவ்வளவுதான்.

ஆகவே வரிசை இப்படி இருக்கட்டும். மைக்ரோ எஸ்டியைக் கணினியில் எக்ஸ்ஃபேட்டாக ஃபார்மேட் செய்யுங்கள். பழைய கார்டை யூஎஸ்பி வழியாகத் திறந்து, மறைந்திருக்கும் ஃபோல்டர்கள் உட்பட எல்லாவற்றையும் முதலில் கணினிக்கு எடுங்கள். அங்கிருந்து மைக்ரோ எஸ்டிக்கு நகலெடுங்கள். இரண்டு பக்கமும் ஃபைல் எண்ணிக்கை ஒன்றாக இருக்கிறதா என்று பாருங்கள். அப்புறம்தான் ப்ளகினை மாற்றி ரீஸ்டார்ட். எல்லா கேமும் திறக்கிறது, எல்லாச் சேவும் ஏறுகிறது என்று ஒரு வாரம் ஆடிப் பார்த்துவிட்டு, பழைய கார்டை அழிக்காமல் ஒரு சின்ன உறையில் போட்டு, மேலே தேதி எழுதி அலமாரியில் வையுங்கள்.